குறுங்காணொளியா, நீள்காணொளியா?

ஹிப்ஹாப் நடனம் கற்க விரும்பும் இளைஞர்கள் பலர், 2005இல் தொடங்கிய யூடியூபின் நீள்காணொளிகளுக்கும் டிக்டாக் பரப்பிய குறுங்காணொளிகளுக்கும் இடையே தடுமாறுகிறார்கள்.

எளிமை: குறுங்காணொளியில் தேடவே வேண்டாம், எதை எத்தனை நொடி பார்த்தோம் என்பதைக் கணக்கிட்டு, அடுத்ததைச் செயலியே எடுத்து வைக்கிறது. நீள்காணொளியைப் பெரும்பாலும் நாமே தேடித் தேர்ந்தெடுக்க வேண்டும்.

செலவு: இரண்டும் பெரும்பாலும் இலவசம்தான், விளம்பரத்தைப் பொறுத்துக்கொண்டால்.

நிலைப்பு: வேறுபாடு இங்குதான் பெரிது. 15 நொடித் துணுக்கில் ஒரே கையசைவு உலகெங்கும் அச்சுப் பிசகாமல் பரவி, அடுத்த அலை வந்ததும் மறைந்துவிடுகிறது. 1970களில் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் ஹிப்ஹாப் உருவான பின்னணியோ, உடலின் எடை எந்தக் காலில் நிற்க வேண்டும் என்ற நுட்பமோ அதில் அடங்குவதில்லை. நீள்காணொளியில் ஆசிரியர் அந்த நுட்பத்தை மெதுவாக்கிக் காட்டுவார்.

நண்பர்களோடு ஆட ஓர் அசைவு போதுமென்பவருக்குக் குறுங்காணொளி ஏற்றது; தனக்கென ஒரு பாணியை வளர்க்க நினைப்பவர் நீள்காணொளியைத் தேர்வதே நல்லது.