மூன்று டின், ஒரு குவாலி ஸ்பகெட்டி: சாடினா, லஞ்சன் மீட்டா, கோழிக் கறியா?

மலேசியாவின் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப் பட்டணங்களில் நல்ல மீனும் கோழியும் காலைப் பசாரோடு சரி. செம்பனைத் தோட்டத்திலிருந்தோ தொழிற்சாலையிலிருந்தோ வேலை முடிந்து திரும்புகிறவருக்கு இரவு ஏழு மணிக்குக் கிடைப்பது மளிகைக் கடையிலும் 99 ஸ்பீட்மார்ட் மினி மார்க்கெட்டிலும் அடுக்கியிருக்கும் டின்தான். அதே கடையில் 400 அல்லது 500 கிராம் ஸ்பகெட்டி பாக்கெட்டும் இருக்கும். மஞ்சள் மீ (நூடுல்ஸ்) வெளியே இருந்தால் மறுநாளே புளித்துவிடும். காய்ந்த ஸ்பகெட்டி மாதக்கணக்கில் அலமாரியில் கிடந்தாலும் கெடாது. டின்னும் ஸ்பகெட்டியும் கையில் இருந்தால் நாலு பேருக்கு அரை மணி நேரத்தில் இரவுச் சாப்பாடு ஆகிவிடும்.

எந்த டின் என்பதில்தான் பலர் தவறுகிறார்கள். பழக்கப்பட்ட ருசியைப் பார்த்தோ, அன்றைக்கு மலிவாக இருப்பதைப் பார்த்தோ எடுத்து வந்து, மூன்றையும் ஒரே மாதிரி சமைத்துவிடுகிறார்கள். பார்க்க வேண்டியது வேறு: அந்த டின் குவாலிக்குள் (வாணலிக்குள்) எவ்வளவு உப்பு, எவ்வளவு கொழுப்பு, எவ்வளவு சாறு கொண்டுவருகிறது? தக்காளி சாஸில் ஊறிய சாடின் மீன் சாறும் புளிப்பும் கொண்டுவரும். அரைத்த இறைச்சியைக் கட்டியாக அடைத்த லஞ்சன் மீட் உப்பும் கொழுப்பும் கொண்டுவரும், சாறு என்று எதுவும் இருக்காது. கோழிக் கறி டின்னில் குழம்பும் எண்ணெயும் தாராளம், இறைச்சி கொஞ்சம். ஒன்றுக்குச் செய்யும் பக்குவம் இன்னொன்றைக் கெடுப்பது இதனால்தான்.

டின்னை எடுக்கும்போது

முதலில் எடையைப் பாருங்கள். லேபிளில் மலாயில் ‘பெராட் பெர்சே’ என்று இருப்பது சாறோடு சேர்ந்த மொத்த எடை. ‘பெராட் தொஸ்கான்’ என்று ஒன்று போட்டிருந்தால், அது சாற்றை வடித்தபின் மிஞ்சும் எடை. வயிற்றுக்குள் போகும் இறைச்சியின் கணக்கு இரண்டாவதில்தான் இருக்கிறது. எட்டு வெள்ளிக்கு (ரிங்கிட்) வாங்கிய 425 கிராம் டின்னில் வடித்த எடை 250 கிராம் என்று வைத்துக்கொண்டால், 100 கிராம் மீனுக்கு நீங்கள் கொடுப்பது 3 வெள்ளி 20 சென். லஞ்சன் மீட்டில் வடிக்க ஒன்றுமில்லை, 340 கிராம் என்றால் 340 கிராம்தான். கோழிக் கறி டின்னில் எலும்பும் எடையோடு சேர்ந்தே வருகிறது என்பதையும் கணக்கில் வையுங்கள்.

அடுத்தது நம் வீடுகளுக்கு முக்கியமானது. ஹலால் முத்திரை பன்றி இறைச்சி கலக்கவில்லை என்பதற்கு உறுதி. மாட்டிறைச்சி இல்லை என்பதற்கு அது உறுதி அல்ல. மாடு சாப்பிடாதவர்கள் ‘லெம்பு’ என்ற சொல் இருக்கிறதா என்று பொருள் பட்டியலைப் படித்தே வாங்க வேண்டும். ‘ஆயாம்’ என்றால் கோழி, ‘கம்பிங்’ என்றால் ஆடு. ‘ஆயாம் பிராண்ட்’ மட்டும் இதில் விதிவிலக்கு. 1892-இல் சிங்கப்பூரில் தொடங்கிய நிறுவனம் அது. டின்னில் சேவல் படம் இருந்ததால் அந்தப் பெயர் நிலைத்தது. அந்தப் பெயரைப் போட்ட டின்னில் பெரும்பாலும் இருப்பது மீன்.

மலிவு விலைக்குத் தள்ளிவிடும் நசுங்கிய டின்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. உடம்பில் லேசான நசுங்கல் பரவாயில்லை. மேல்விளிம்பு, கீழ்விளிம்பு, பக்கவாட்டு இணைப்பு ஆகிய இடங்களில் நசுங்கியிருந்தால் வேண்டாம். கண்ணுக்குத் தெரியாத விரிசல் வழியாகக் கிருமி போயிருக்கலாம். உப்பியிருக்கும் டின்னையும், திறக்கும்போது பீய்ச்சியடிக்கும் டின்னையும் ருசி பார்க்கக்கூடக் கூடாது. அப்படியே குப்பைக்கு.

ஸ்பகெட்டி எல்லாருக்கும் பொது

பெரியவர் ஒருவருக்குக் காய்ந்த ஸ்பகெட்டி 100 கிராம். நாலு பேருக்கு 400 கிராம், மூன்று லிட்டர் தண்ணீர். பாக்கெட்டில் ‘டூரம்’ கோதுமை என்று இருப்பதைத் தேடி வாங்குங்கள். சாதாரண கோதுமை மாவில் செய்தது சில வெள்ளி குறைவாகக் கிடைக்கலாம், ஆனால் ஒரு நிமிடம் கூடுதலாக வெந்தாலே கூழாகிவிடும்.

உப்பின் அளவை டின் முடிவு செய்யட்டும். சாடின் என்றால் மூன்று லிட்டருக்கு ஒரு மேசைக்கரண்டி. மற்ற இரண்டுக்கும் ஒரு தேக்கரண்டி போதும். தண்ணீர் தளதளவென்று கொதித்த பிறகே ஸ்பகெட்டியைப் போட வேண்டும். முதல் இரண்டு நிமிடம் கிளறிக்கொண்டே இருந்தால் ஒட்டாது. பாக்கெட்டில் போட்டிருக்கும் நேரத்துக்கு இரண்டு நிமிடம் முன்பே எடுத்துவிடுங்கள், மீதி வேக்காடு குவாலியில் ஆகிக்கொள்ளும். வடிக்கும் முன் இரண்டு கோப்பைத் தண்ணீரை, ஏறக்குறைய 500 மில்லி லிட்டர், தனியே எடுத்து வைக்க மறக்காதீர்கள். அதில் கரைந்திருக்கும் மாவுச்சத்துதான் எண்ணெயையும் சாற்றையும் பிரியாமல் கட்டிப்பிடித்து ஸ்பகெட்டியின் மேல் ஒட்டவைக்கிறது.

சேமியாவுக்கும் மீக்கும் செய்கிற மாதிரி பச்சைத் தண்ணீரில் அலசி எண்ணெய் விட்டுப் பிசறி வைக்கும் பழக்கத்தை இதில் விட்டுவிட வேண்டும். அலசினால் மாவுச்சத்து போய்விடும், எண்ணெய் பூசினால் சாறு ஒட்டாமல் வழுக்கும். தட்டின் அடியில் சிவப்பாகக் குளம் கட்டி நிற்க, மேலே வெள்ளையாக ஸ்பகெட்டி கிடப்பது இதனால்தான்.

சாடின்: முதல் இடம் இதற்கே

நாலு பேர் வீட்டுக்கு 425 கிராம் டின் ஒன்று. இந்த டின்னில் பாதிச் சமையல் ஏற்கெனவே முடிந்திருக்கிறது, தக்காளிச் சாறு அதிலேயே இருக்கிறதே. முள்ளும் டின்னுக்குள் அழுத்தச் சூட்டில் வெந்து மிருதுவாகிவிடுகிறது, பிள்ளைகளுக்குக்கூட மசித்துக் கொடுக்கலாம், சுண்ணாம்புச் சத்தும் கிடைக்கும். நடுமுள்ளைத் தூக்கிப் போடுகிறவர்கள் நல்ல பாகத்தைத்தான் போடுகிறார்கள்.

செய்முறையில் வரிசைதான் எல்லாம். மீனைத் தனியே எடுத்து, பிளந்து, வயிற்றுக்குள் கறுப்பாக ஏதும் இருந்தால் வழித்துவிடுங்கள். சாஸ் டின்னிலேயே இருக்கட்டும். குவாலியில் மூன்று மேசைக்கரண்டி எண்ணெய். ஒரு பெரிய வெங்காயம், நாலு பல் பூண்டு, ஒரு கொத்துக் கறிவேப்பிலை. வெங்காயம் ஓரம் சிவந்ததும் அரைத்த காய்ந்த மிளகாய் ஒரு மேசைக்கரண்டி, பாபாஸ் மீன் கறித்தூள் ஒரு தேக்கரண்டி. தூள் கருகாமல் இருக்க இரண்டு கரண்டித் தண்ணீர் தெளித்துக்கொள்ளுங்கள். இப்போது டின் சாஸை ஊற்றி, மிதமான தீயில் ஐந்தாறு நிமிடம், எண்ணெய் ஓரத்தில் பிரிந்து நிற்கும்வரை வதக்க வேண்டும். இந்த ஐந்தாறு நிமிடத்தைச் சுருக்கினால்தான் சாப்பாட்டில் டின் வாடை அடிக்கும். மீன் கெட்டுவிட்டதோ என்று சந்தேகப்படுவார்கள், உண்மையில் சாஸ் பச்சையாக இருந்திருக்கும்.

எண்ணெய் பிரிந்ததும் ஸ்பகெட்டி வேகவைத்த தண்ணீரில் ஒரு கோப்பை, பிறகு ஸ்பகெட்டி. பெரிய தீயில் இரண்டு நிமிடம் பிரட்டுங்கள். மீன் கடைசியில்தான். முன்கூட்டியே போட்டுக் கிளறினால் உதிர்ந்து மணல்போல ஆகிவிடும். மீனைப் போட்டபின் கரண்டியால் கிளறாமல் அடியிலிருந்து தூக்கித் தூக்கிப் புரட்டுங்கள். தீயை அணைத்தபின் இரண்டு லீமாவ் கஸ்தூரி (சிறு எலுமிச்சை) பிழிந்தால் கவிச்சி அடங்கிவிடும். அடுப்பில் இருக்கும்போது பிழிந்தால் அந்த மணம் நிற்காது. புளிப்பு தூக்கலாக இருந்தால் அரைத் தேக்கரண்டிச் சீனி.

பக்கத்திலேயே தக்காளி சாஸில் மேக்கரல் டின்னும் இருக்கும். சதை கெட்டி, ஸ்பகெட்டியோடு புரட்டினாலும் உதிராது. சாடின் விலை ஏறியிருக்கும் வாரத்தில் தயங்காமல் அதை வாங்கலாம்.

லஞ்சன் மீட்: பிள்ளைகளின் விருப்பம், சமைப்பவருக்குக் கூடுதல் வேலை

கோழி லஞ்சன் மீட் 340 கிராம் ஒரு டின். திறந்ததும் வெட்டினால் ஓரம் பிய்ந்து வரும். டின்னை ஒரு மணி நேரம் ஐஸ்பெட்டியில் வைத்துவிட்டு வெட்டுங்கள், ஒரு சென்டிமீட்டர்ச் சதுரங்களாக நறுக்கென்று வரும். கோழி வகையில் மாவு கூடுதலாக இருப்பதால் குவாலியில் ஒட்டும். குவாலி நன்றாகச் சூடான பின் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, துண்டுகளைப் பரப்பி, இரண்டு நிமிடம் தொடாமல் விடுங்கள். அடி சிவந்தால் தானே விட்டுக்கொடுக்கும். பொறுமையில்லாமல் கிளறினால் மசியல்தான் மிஞ்சும்.

இதன் பெரிய குறை உப்பு. 100 கிராமில் ஒரு கிராமை ஒட்டிய அளவுக்கு சோடியம் இருப்பது லஞ்சன் மீட்டில் சாதாரணம். ஒரு கிராம் சோடியம் என்றால் ஏறக்குறைய இரண்டரை கிராம் உப்பு. ஒரு டின்னை நாலு பேர் பங்கிட்டால் ஆளுக்கு இரண்டு கிராம் உப்பு அதிலிருந்தே வந்துவிடும். ஒரு நாள் முழுவதற்கும் ஐந்து கிராமுக்குள் என்று உலகச் சுகாதார நிறுவனம் சொல்கிறது. இரத்த அழுத்தம் உள்ள பெரியவர்கள் வீட்டில் இருந்தால், வெட்டிய துண்டுகளைக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு வடித்து, ஈரம் துடைத்து வறுங்கள். உப்பு ஓரளவு இறங்கும். சோயா கிச்சாப், அஜினோமோட்டோ இரண்டும் இதில் வேண்டவே வேண்டாம்.

அடுத்த குறை, சாறு இல்லை. பாட்டில் பாஸ்தா சாஸ் வாங்கி ஊற்றினால் மலிவுச் சாப்பாடு என்ற பேச்சே அடிபட்டுப் போகும். அதைவிட முட்டை நல்லது. மூன்று முட்டையை அரைத் தேக்கரண்டி மிளகுத்தூளோடு அடித்து, ஸ்பகெட்டித் தண்ணீரில் கால் கோப்பையைக் கைபொறுக்கும் சூட்டில் சிறிது சிறிதாகக் கலந்துகொள்ளுங்கள். வறுத்த துண்டுகள், பூண்டு, நசுக்கிய சிலி பாடி (காந்தாரி மிளகாய்), ஸ்பகெட்டி எல்லாம் குவாலியில் சேர்ந்ததும் தீயை அணைத்து, அரை நிமிடம் விட்டு, முட்டைக் கலவையை ஊற்றி வேகமாகப் பிரட்டுங்கள். மஞ்சளாக, வழவழப்பாகப் பிடித்துக்கொள்ளும். தீ எரியும்போது ஊற்றினால் முட்டைப் பொரியல் ஆகிவிடும். முட்டை அரைவேக்காடாக இருக்கும் என்பதால் கைக்குழந்தைக்கும் கர்ப்பிணிக்கும் இதைக் கொடுக்காமல், மூன்று பழுத்த தக்காளியை வதக்கிச் சாறாக்கிக்கொள்வது பாதுகாப்பு.

கோழிக் கறி டின்: இரண்டு பேருக்கு மேல் வேண்டாம்

வேகத்தில் இதை மிஞ்ச ஆளில்லை. ஸ்பகெட்டி வெந்தால் சாப்பாடு தயார். ஆனால் 400 கிராமை ஒட்டிய ஒரு டின்னில் எலும்பு, உருளைக்கிழங்கு, குழம்பு எல்லாம் போக மிஞ்சும் கோழி ஒரு கைப்பிடி. நாலு பேருக்கு இரண்டு டின் வேண்டும், அப்போது பசாரில் கோழி வாங்கியிருக்கலாமே என்று தோன்றும். நீள ஸ்பகெட்டியோடு எலும்பு சேர்ந்தால் சாப்பிடவும் தொந்தரவு. இதற்கு மக்ரோனிதான் பொருத்தம், 200 கிராம்.

டின்னை ஆடாமல் வைத்துத் திறந்தால் மேலே எண்ணெய் மிதக்கும். அதை வழித்து எடுத்து, அதிலேயே வெங்காயத்தை வதக்கினால் தனி எண்ணெய் வேண்டாம். எலும்பை நீக்கிச் சதையைப் பிய்த்து வையுங்கள். உருளைக்கிழங்கை அப்படியே போட்டால் மாவோடு மாவாகத் திகட்டும். குழம்பிலேயே மசித்துவிடுங்கள், அதுவே சாறைக் கெட்டியாக்கும். மக்ரோனித் தண்ணீர் முக்கால் கோப்பை சேர்த்துச் சிறு தீயில் வையுங்கள். குழம்பில் தேங்காய்ப் பால் இருப்பதால் தளதளவென்று கொதித்தால் திரிந்து எண்ணெய் தனியாக நிற்கும்.

ஆட்டுக்கறி டின் ருசியில் இதைவிட மேல், விலையிலும் மேல். டூனா மூன்று நிமிடத்தில் வறண்டுவிடும். கொழுப்பைக் குறைக்க நினைப்பவர்களுக்கு மட்டும்.

மிஞ்சினால்

திறந்த டின்னில் எதையும் மிச்சம் வைக்காமல் மூடியுள்ள பிளாஸ்டிக் அல்லது கண்ணாடிப் பாத்திரத்துக்கு மாற்றி, ஐஸ்பெட்டியில் இரண்டு நாளுக்குள் முடித்துவிடுங்கள். சமைத்ததில் சாடின் ஸ்பகெட்டி மறுநாள்தான் இன்னும் நன்றாக இருக்கும். குவாலியைக் காயவிட்டு, ஒரு கைப்பிடி தவ்கே (முளைகட்டிய பயறு), ஒரு முட்டை உடைத்துப் பெரிய தீயில் பிரட்டினால் மீ கோரேங் போலவே வரும். முட்டை சேர்த்த லஞ்சன் மீட் ஸ்பகெட்டியைச் சூடாக்கினால் கட்டி கட்டியாகத் திரளும், அன்றைக்கே தீர்ப்பது நல்லது. கோழிக் கறி மக்ரோனி இரவோடிரவாகக் குழம்பை எல்லாம் குடித்து ஊதிவிடும். காலையில் அரைக் கோப்பைத் தண்ணீர் தெளித்துச் சிறு தீயில் மூடி வைத்தால் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைக்கு ஒரு வேளைக்கு ஆகும்.