ஜாக் தாத்தி ப்ளூ-ரே பெட்டி: சின்ன டிவியில் போட்டு வீணாக்காதீர்கள்

தர்மபுரியில் கல்யாண வீடியோ எடுப்பது என் பிழைப்பு. தானே எழுதி, நடித்து, இயக்கிய பிரெஞ்சுக்காரர் தாத்தியின் ஆறு முழுநீளப் படங்களும் இதில் இருக்கின்றன. வசனத்தை நம்பாத நகைச்சுவை. சப்டைட்டில் படிக்காமலே அம்மா சிரித்தார்.

1967-இல் வந்த ‘ப்ளேடைம்’தான் உச்சம். ஓட்டலின் கண்ணாடிக் கதவு நொறுங்கிவிடும். வாசல்காரரோ கைப்பிடியை மட்டும் பிடித்துக்கொண்டு, இல்லாத கதவை வருவோருக்கெல்லாம் மரியாதையாகத் திறந்துவிடுவார்! குளோசப்பே கிட்டத்தட்ட கிடையாது. எல்லாரும் தாலி கட்டுவதைப் பார்க்கும்போது பந்தி ஓரத்தில் நடக்கும் கூத்து மாதிரி, 70 எம்.எம். ஃபிரேமின் மூலையில் சிரிப்பு ஒளிந்திருக்கும். 32 இன்ச் டிவியில் பாதி தெரியாது. இதற்காக ஊர் அளவு செட் போட்டுக் கடனில் மூழ்கினார் மனுஷன்.

1974-இன் ‘பரேட்’ எனக்கு இழுவை. அப்புறம், உங்கள் பிளேயர் எல்லா ரீஜியன் டிஸ்க்கையும் (உலகின் ஒவ்வொரு பகுதிக்கும் தனியாகப் பூட்டு போட்டு வரும் டிஸ்க்) ஓட்டுமா என்று பார்த்துவிட்டு வாங்குங்கள்.