அழகர் ஆற்றில் இறங்கும் காட்சிக்கு: மேளக்காரரா, சாம்பிளா, ஸ்டாக்கா?

சித்திரைத் திருவிழாவைப் பற்றி அரைமணி நேர டிவி ஆவணப்படம். இசைக்கு மூன்று வழி இருக்கிறது: நாதஸ்வர, தவில் மேளக்காரரை நேரில் பதிவது; முன்பே பதிந்த வாத்திய ஒலிகளைக் கீபோர்டில் வாசிக்கும் சாம்பிள்; உரிமம் வாங்கிப் போடும் ஆயத்த ஸ்டாக் இசை.

ஸ்டாக் இசையை முதலிலேயே தள்ளிவிடலாம். 'இந்தியா' என்று தேடினால் சித்தாரும் தபலாவும்தான் வந்து விழும். வைகைக் கரைக்கு அது ஒட்டாது. உரிமத்தில் ஒளிபரப்பு மட்டும் இருந்தால், சேனல் யூடியூபில் ஏற்றும்போது காப்பிரைட் கிளெய்மும் வரும்.

சாம்பிளின் பலம் பின்னணிக் குரலுக்கு அடியில். தம்புரா, செல்லோ, மெதுவான நீள்சுரம் எல்லாம் நன்றாக உட்காரும். பேச்சு தெளிவதே 1 முதல் 4 கிலோஹெர்ட்ஸுக்குள்தான். அங்கே இசையை 3 டெசிபல் குறைத்தால் குரல் மேலே வரும். ஆனால் நாதஸ்வர சாம்பிளில் தோடி ராகம் வாசிக்க முயன்றால் மாட்டிக்கொள்வீர்கள். கீபோர்டில் சுருதியை ஏற்றி இறக்கும் பிட்ச் வீலைத் திருப்பினால் சுரம் வழுக்குமே தவிர, கமகம் என்ற சுர அசைவு பிறக்காது.

நேரில் பதிவு செய்வதுதான் கடினம், உயிரும் அங்கேதான். இரண்டரைக் கட்டைச் சுருதி என்று கொண்டுவரும் நாதஸ்வரம் ட்யூனரில் அதே இடத்தில் நிற்காது. வாசிக்க வாசிக்கக் குழல் சூடேறிச் சுருதி கூடும். பத்து நிமிடம் வாசிக்கவிட்டு, நீண்ட ஷட்ஜம் (ஸ) ஒன்றைப் பதிந்து, சாம்பிள்களின் சுருதியை அதற்குச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஏ 440 என்ற மேற்கத்தியச் சுருதி அளவைப் பிடித்துக்கொண்டு குழலை இழுக்காதீர்கள். அணைசுக்கு (குழலின் விரிந்த வாய்க்கு) நேரே மைக் வைத்தால் கத்தல்தான் பதியும். விரல் துளைகளைப் பார்த்து மூன்றடி தள்ளி வையுங்கள். தவிலுக்கு இரண்டு மைக்: வலது முகமான வலந்தலைக்கு ஒன்று, இடது முகமான தொப்பிக்கு ஒன்று. நாதஸ்வரக்காரர், தவில்காரர் இருவரையும் தனித்தனி அறையில் உட்கார வைத்தால் மைக்கில் கலக்காது என்பது உண்மைதான், ஆனால் ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாமல் தீர்மானம் (சேர்ந்து முடிக்கும் தாள முடிப்பு) தடுமாறும். ஒரே அறையில் பத்தடி இடைவெளி போதும். கல்யாண மண்டபம்தான் கிடைத்தது என்றால் சுவரில் கெட்டி ஜமுக்காளம் தொங்கவிடுங்கள், எதிரொலி அடங்கும்.

தாள வேகத்தை முன்கூட்டியே முடிவு செய்யுங்கள். நம் டிவிக்கு வினாடிக்கு 25 ஃபிரேம். 100 பிபிஎம்மில் (நிமிடத்துக்கு 100 தட்டு) ஒரு தட்டுக்குச் சரியாக 15 ஃபிரேம். 120 என்றால் 12.5, வெட்டு அரை ஃபிரேம் தள்ளிப்போகும்.

எங்கள் தேர்வு: குரல் ஓடும் இடத்தில் சாம்பிள், குரல் ஓயும் இடத்தில் மேளம். அழகர் ஆற்றில் கால் வைக்கும் அந்த நொடியில் இரண்டுமே வேண்டாம். 'கோவிந்தா' முழக்கமும் தோல்பையிலிருந்து பீய்ச்சும் தண்ணீரின் சத்தமும் களத்தில் பதிவானபடியே போகட்டும். கூட்டம் அடங்கத் தொடங்கும்போது நாதஸ்வரம் நுழையட்டும்.