வால்கிரியா, கொண்டோரா?

கல்லடியில் கூடும் எங்கள் வாசகர் வட்டத்தின் அடுத்த அமர்வுக்கு இரண்டு தலைப்புகள் வந்திருக்கின்றன: ஜேர்மனியின் வால்கிரி சதி, தென்னமெரிக்காவின் கொண்டோர் நடவடிக்கை.

கதைச்சுவைக்கு வால்கிரிதான். உள்நாட்டுக் கலகத்தை அடக்கவென ஹிட்லரே ஒப்புதல் கொடுத்த திட்டத்தை, அவருடைய ஆட்சியைக் கவிழ்க்கவே இராணுவ அதிகாரிகள் திருப்பிவிட்டார்கள். போரில் வலது கையையும் இடது கண்ணையும் இழந்திருந்த இராணுவ அதிகாரி ஸ்டௌஃபன்பேர்க், 1944 ஜூலை 20 அன்று ஹிட்லர் இருந்த கூட்டத்தில் குண்டை வைத்தார். இரண்டு வெடிமருந்துப் பொதிகளில் ஒன்றைத் தயார்செய்யத்தான் நேரம் கிடைத்தது. நால்வர் இறந்தார்கள், ஹிட்லர் தப்பினார். நள்ளிரவு கடந்ததும் ஸ்டௌஃபன்பேர்க்கைச் சுட்டுக்கொன்றார்கள். (சதிகாரர்களில் பலர் அதே ஆட்சிக்கு ஆண்டுக்கணக்கில் ஊழியம் செய்தவர்கள். பேச்சாளர் அதை மழுப்பக் கூடாது.)

கொண்டோரில் சதி செய்தவை அரசுகளே: தங்கள் அரசியல் எதிரிகளை வேட்டையாடச் சர்வாதிகார ஆட்சிகள் கைகோத்தன. 1975 நவம்பரில் சிலியின் உளவுத்துறைத் தலைவர் கொன்ட்ரேராஸ் சந்தியாகோவில் கூட்டிய கூட்டத்தில் அது உருவானது. ஆர்ஜென்டினா, உருகுவே, பராகுவே, பொலிவியா பங்காளிகள். பிறேசில் பின்னர் சேர்ந்தது. எல்லை தாண்டித் தப்பியவர்களையும் அயல்நாட்டுப் படைகள் பிடித்துக் கொடுத்தன. 1992இல், சித்திரவதையில் உயிர்தப்பிய மார்ட்டின் அல்மாடா, பராகுவேயின் பொலிஸ் நிலையமொன்றில் நீதிபதியோடு நுழைந்து பிடிபட்டவர்கள், காணாமற்போனவர்கள் பற்றிய கோப்புக் குவியலைக் கண்டெடுத்தார்.

என் வாக்கு கொண்டோருக்கே. மட்டக்களப்பில் பிள்ளையின் படத்தை ஏந்தி நிற்கும் தாய்மாருக்கு அந்தக் கோப்புகள் தூரத்து வரலாறு அல்ல. வால்கிரியைச் சித்திரை விடுமுறைக்கு வைக்கலாம். அதற்குக் கூட்டம் எப்போதும் சேரும்.