பெரியவர்களுக்கான ஹெபடைடிஸ் பி தடுப்பூசி: மூன்று தவணைகளுக்குப் பின் ஒரு மதிப்பீடு

கல்லீரலைத் தாக்கும் ஹெபடைடிஸ் பி வைரஸுக்கு எதிரான தடுப்பூசியின் மூன்று தவணைகளையும் போட்டு முடித்து, தொற்றை எதிர்க்க உடல் உண்டாக்கும் எதிர்ப்பொருளின் அளவையும் ரத்தப் பரிசோதனையில் பார்த்துவிட்டு இதை எழுதுகிறேன். மருந்தாக என் மதிப்பில் இது மிக உயர்ந்தது. குறை இருப்பது அதைப் போடும் இடங்களின் நடைமுறையில்தான்.

குப்பிக்குள் வைரஸ் கிடையாது. வைரஸின் மேலுறையிலுள்ள ஒரே ஒரு புரதம், மேற்பரப்பு ஆன்டிஜென் (உடலின் எதிர்ப்பைத் தூண்டும் பொருள்) எனப்படுவது, பெரும்பாலான தயாரிப்புகளில் பெரியவர்களுக்குத் தவணைக்கு 20 மைக்ரோகிராம் இருக்கிறது. ஆஸ்திரேலியப் பழங்குடியினர் ஒருவரின் ரத்தத்தில் அமெரிக்க மருத்துவ ஆய்வாளர் பாரூக் பிளம்பெர்க் முதலில் அடையாளம் கண்ட இந்தப் புரதத்தை, 1981இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற முதல் தடுப்பூசிக்காக, நோய்த்தொற்று உள்ளவர்களின் ரத்த பிளாஸ்மாவிலிருந்தே பிரித்தெடுக்க வேண்டியிருந்தது. 1986இல் வந்த தடுப்பூசியிலோ மரபணு மாற்றப்பட்ட ஈஸ்ட் அதை உற்பத்தி செய்தது. இந்தியாவில் 1997இல் ஐதராபாத்தின் சாந்தா பயோடெக்னிக்ஸ் தன் சான்வாக்-பி தடுப்பூசியை வெளியிட்ட பிறகே, இறக்குமதியை மட்டும் நம்பியிருந்த இந்த ஊசியின் விலை சாமானியர்களுக்கு எட்டத் தொடங்கியது.

ஒற்றைப் புரதம் நோய் எதிர்ப்பு மண்டலத்தை எப்படித் தூண்டுகிறது என்பதில்தான் இதன் சிறப்பே இருக்கிறது. தனித்தனியாகக் கரைந்து கிடக்கும் புரதங்களை உடல் பெரும்பாலும் பொருட்படுத்துவதில்லை. ஆனால் இந்த ஆன்டிஜென் தானாகவே ஒன்றுகூடி ஏறக்குறைய 22 நானோமீட்டர் அளவுள்ள துகள்களாகிறது. ஒரே வடிவம் துகளின் மேல் பலமுறை வருவதால், எதிர்ப்பொருளை உருவாக்கும் வெள்ளையணுவான பி செல்லின் ஏற்பிகள் (பொருளைப் பற்றும் மேற்பரப்புப் புரதங்கள்) பல ஒரே நேரத்தில் அதைப் பற்றிக்கொள்கின்றன. பி செல் பார்ப்பது மடிந்த புரதத்தின் முழு வடிவத்தை. மற்றொரு வெள்ளையணுவான டி செல்லுக்கு அப்படிப் பார்க்கத் தெரியாது. வேறொரு செல் புரதத்தைச் சிறு துண்டுகளாக நறுக்கி, தன் மேற்பரப்பில் உள்ள, ஆளுக்கு ஆள் வேறுபடும் ஹெச்.எல்.ஏ மூலக்கூறில் ஏந்திக் காட்டினால்தான் அது அடையாளம் காணும். ஊசியுடன் சேர்க்கப்பட்ட அலுமினிய உப்பு தசையில் சிறு அழற்சியை உண்டாக்க, அங்கு வரும் டென்ட்ரைட்டிக் செல்கள் எனும் காவல் செல்கள் ஆன்டிஜெனை விழுங்கி அக்குளின் நிணநீர் முடிச்சுகளுக்குக் கொண்டுசெல்கின்றன. அங்கே விழிப்படைந்த டி செல், அதே ஆன்டிஜெனை விழுங்கிக் காட்டும் பி செல்லுக்கு உதவுகிறது. அதன் பின் பி செல்கள் தங்கள் ஏற்பிகளைச் சிறிது சிறிதாக மாற்றி, நன்றாகப் பற்றுபவை மட்டும் தேர்வாகின்றன. இந்தத் தேர்வுக்குக் காலம் தேவை. முதல் ஊசிக்கு ஒரு மாதம் கழித்து இரண்டாவதும், ஆறாம் மாதத்தில் மூன்றாவதும் போடுவது இதனால்தான். ஆன்டிஜெனை நினைவில் வைத்திருக்கும் நினைவு செல்கள் முதிர்ந்த பின் வரும் மூன்றாம் தவணை எதிர்ப்பொருளைப் பன்மடங்கு உயர்த்துகிறது. எனக்கு மேற்கையில் வந்த லேசான வலியைத் தவிர வேறு தொந்தரவு இல்லை.

நான் சென்ற தனியார் மருத்துவமனையில் குப்பியை 2 முதல் 8 டிகிரி செல்சியஸில் வைத்திருந்தார்கள். இந்த ஊசி உறைந்துவிட்டால் வீரியம் கெடும் என்பதால் இது முக்கியம். பிட்டத்தில் போட்டால் பலன் குறையும் என்பதை அறிந்து மேற்கைத் தசையிலேயே போட்டார்கள். ஆனால் மூன்றாம் தவணைக்கு ஒன்றிரண்டு மாதம் கழித்து எதிர்ப்பொருள் அளவைப் பார்க்கலாம் என்று ஒருவரும் சொல்லவில்லை. நானாகக் கேட்டுத்தான் செய்துகொண்டேன். ஒரு மில்லிலிட்டருக்கு 10 மில்லி சர்வதேச அலகு இருந்தால் பாதுகாப்பு உண்டு எனக் கொள்வார்கள். ஆரோக்கியமானவர்களிலும் 5 முதல் 10 சதவீதத்தினர் இந்த அளவை எட்டுவதில்லை. வயது, புகைப்பழக்கம், உடற்பருமன் ஆகியவற்றோடு, துண்டுகளை ஏந்தும் ஹெச்.எல்.ஏ வகையும் இதற்குக் காரணமாகிறது. எல்லோருக்கும் இந்தப் பரிசோதனை அவசியமில்லை என்றாலும், மருத்துவப் பணியாளர்கள், டயாலிசிஸ் செய்துகொள்பவர்கள், ஹெபடைடிஸ் பி நோயாளியின் வாழ்க்கைத் துணை ஆகியோருக்காவது அதைச் சொல்லாமல் விடுவது பெரிய குறை. அளவு எட்டாதவர்களில் பலருக்கு இன்னொரு சுற்று ஊசி பலன் தருகிறது.

போடுவதற்கு முன்பே ரத்தப் பரிசோதனை செய்வதும் நல்லது, ஏனெனில் ஏற்கெனவே தொற்று உள்ளவருக்கு இந்த ஊசியால் பயனில்லை. வைரஸின் உட்கருப் புரதம் குப்பியில் இல்லாததால், அதற்கெதிரான எதிர்ப்பொருள் ஒருவரின் ரத்தத்தில் இருந்தால் அது ஊசியால் வந்ததல்ல, தொற்றால் வந்தது என்று பிரித்தறிய முடிகிறது.

குழந்தைகளுக்கான தேசியத் திட்டத்தில் இந்த ஊசி நாடு முழுவதும் சேர்ந்தது 2011-12 அளவில்தான் என்பதால், அதற்கு முன் பிறந்தவர்களில் பலர் இதைப் போட்டிருக்க மாட்டார்கள். அவர்கள் மருத்துவரிடம் கேட்டுப் போட்டுக்கொள்ளலாம். இரண்டாம் தவணைக்குப் பின் இடைவெளி நீண்டுவிட்டாலும் முதலிலிருந்து தொடங்கத் தேவையில்லை, விட்ட தவணையைப் போட்டால் போதும்.