பனி அரசி துருக்கியில் பாடும்போது

டிஸ்னி நிறுவனம் 2013இல் வெளியிட்ட ‘ஃப்ரோசன்’ படத்தின் துருக்கிய ஒலிமாற்றத்துக்குக் ‘கர்லர் உல்கெசி’, அதாவது ‘பனிகளின் நாடு’ என்று பெயர். உறைந்துபோன மனத்தையும் சேர்த்துச் சுட்டிய மூலத் தலைப்பு இங்கே வெறும் இடப்பெயராகிவிட்டது. சிறுவர் கதைக்கு அது பொருந்தும் என்றாலும் இழப்பு இழப்புதான்.

அந்த இழப்பை ஈடுகட்டுவது படத்தின் பனி அரசியான எல்சா மலையேறிப் பாடும் பாடல். ஆங்கிலத்தில் ‘லெட் இட் கோ’ என்று வரும் இடத்தில் துருக்கியர்கள் ‘அல்துர்மா’ என்கிறார்கள். (நடுவில் உள்ள உயிரை நம் குற்றியலுகரம்போல் ஒலித்தால் ஏறக்குறையச் சரியாக இருக்கும்.) ‘பொருட்படுத்தாதே’ என்பது அதன் பொருள். ஆங்கில எல்சா தனக்குள் அடக்கி வைத்ததை விட்டுவிடுகிறாள். துருக்கிய எல்சாவோ பிறர் சொல்லுக்குச் செவிகொடாதே என்று தனக்குத்தானே கட்டளையிடுகிறாள். துருக்கிய எழுத்தாளர் சபாஹத்தின் அலி 1930களில் சினோப் சிறையில் இருந்தபோது எழுதி, பின்னர் எதிப் அக்பய்ராம் பாடிப் புகழ்பெற்ற ‘மனமே, பொருட்படுத்தாதே’ என்ற பாடலின் உயிர்ச்சொல்லும் இதுவே. மொழிபெயர்ப்பாளர் அதை நினைத்துத்தான் எழுதினாரா என்பது எப்படியிருந்தாலும், மூடிய கதவுக்குப் பின்னால் வளர்ந்த ஒரு பெண்ணின் வாயில் அச்சொல் வரும்போது, குழந்தையை அழைத்துவந்த பெற்றோருக்கு வேறொரு கனம் புலப்படக்கூடும்.

மூன்று சுரங்களுக்கு மூன்று அசைகள் கச்சிதமாக அமைந்துள்ளன. ஆனால் அழுத்தம் இடறுகிறது. துருக்கியத்தில் எதிர்மறை விகுதியான ‘ம’ தனக்கு முந்தைய அசையின்மேல் அழுத்தத்தைத் தள்ளிவிடும். மெட்டோ கடைசி அசையைத்தான் உயர்த்தி நீட்டுகிறது. பேச்சில் அப்படி அழுத்தினால் அது ‘பொருட்படுத்துதல்’ என்ற தொழிற்பெயராகி, பொருளே தலைகீழாகும்! பாட்டில் யாரும் அப்படிப் புரிந்துகொள்ள மாட்டார்கள் என்றாலும் உன்னிப்பான காதுக்கு அது உறுத்தும். ஆங்கிலத்தில் உதடு குவியும் இடத்தில் இங்கே வாய் அகலத் திறக்க வேண்டியிருப்பதால், முகம் அண்மையில் தெரியும் காட்சிகளில் பொருத்தம் சற்றே விலகுகிறது. ஆயினும் நீண்ட ‘ஆ’ பாடகியின் குரலுக்கு வழிவிடுகிறது. பெகும் குன்ஜெலெர் அந்த இடத்தை வீணாக்கவில்லை.

தமிழைப் போலவே துருக்கியத்திலும் வினை பொதுவாக வாக்கியத்தின் இறுதியில் நிற்பதால், விகுதிகளை அடுக்கியே இயைபை எளிதாகப் பெற்றுவிடலாம். இசைப்படங்களை ஒலிமாற்றம் செய்பவர்களுக்கு அது வரமும் சோம்பலுக்கு வாசலும் ஆகும். துருக்கியத் திரையரங்குகளில் இத்தகைய படங்கள் ஒலிமாற்றமாகவும் மூல ஒலியோடு எழுத்துரையாகவும் திரையிடப்படுவது உண்டு. சிறுவர்களோடு பார்ப்பவர்களுக்கு நான் தயங்காமல் ஒலிமாற்றத்தையே பரிந்துரைப்பேன். இரண்டையும் பார்க்க வாய்ப்புள்ளவர்கள் மலைக்காட்சியை மட்டுமாவது அடுத்தடுத்துக் கேட்டுப் பார்க்கலாம்.