கரண்ட் போன இரவில் பாம்புக்கு எது துணை: இன்வெர்ட்டரா, பவர் ஸ்டேஷனா, தெர்மாகோல் பெட்டியா?

நான் தெர்மாகோல் பெட்டிக் கட்சி. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வீட்டில் 150 ஏஎச் (ஆம்பியர் ஹவர்) டியூபுலர் பேட்டரியோடு இன்வெர்ட்டர் இருக்கிறது. நண்பர் ஒருவரின் பவர் ஸ்டேஷனை, அதாவது கையில் தூக்கிப் போகிற பேட்டரிப் பெட்டியை, ஒரு குளிர்காலத்துக்கு இரவல் வாங்கி ஓட்டிப் பார்த்திருக்கிறேன். இருந்தும் ஜனவரி ராத்திரியில் கரண்ட் போனால் என் கை முதலில் போவது பரண் மேலிருக்கும் அந்த வெள்ளைப் பெட்டிக்குத்தான்.

நான் வளர்ப்பது ஒரு பால் பைதான் (ball python). மேற்கு, மத்திய ஆப்பிரிக்காவைச் சேர்ந்த பாம்பு. அது சைட்ஸ் எனும் சர்வதேச வனவிலங்கு வணிக ஒப்பந்தத்தின் இரண்டாம் பட்டியலில் வருவதால் 2024ஆம் ஆண்டு விதிகளின்படி மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகத்தின் பரிவேஷ் இணையதளத்தில் பதிவு செய்திருக்க வேண்டும். நம்மூர் மலைப்பாம்பு, உடும்பு, நட்சத்திர ஆமை இவற்றை வீட்டில் வைப்பது 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். அவற்றைப் பற்றி இங்கே பேச்சே இல்லை.

பெங்களூரில் ஏப்ரல், மே மாதங்களில் மழையும் காற்றும் அடித்து மரம் விழுந்து கரண்ட் போகும். அந்த நேரத்துக்கு பால் பைதான் வளர்ப்பவர் பெரிதாகக் கவலைப்பட வேண்டாம். வீட்டுக்குள் 28, 30 டிகிரி இருக்கும், அது பாம்புக்குப் பிடித்த சூடுதான். கண்ணாடித் தொட்டி மேல் நேர் வெயில் விழாமல் பார்த்துக்கொண்டால் சரி. பயப்பட வேண்டியது டிசம்பர், ஜனவரி இரவுகளுக்கு. கடல் மட்டத்துக்கு 900 மீட்டர் மேலே இருக்கிற ஊர் இது. அந்த மாதங்களில் ராத்திரி 15, 16 டிகிரிக்கு இறங்கிவிடும். ஜூலை, ஆகஸ்ட் மழைக்காலத்து இரவுகளும் 20 டிகிரியை ஒட்டித்தான் இருக்கும்.

பால் பைதானுக்குத் தொட்டியின் ஒரு மூலையில் 31, 32 டிகிரியும் எதிர் மூலையில் 25, 26 டிகிரியும் வேண்டும். ஒரு மணி நேரம் 23க்கு இறங்கினால் ஒன்றும் ஆகாது. ராத்திரி முழுக்க 18, 19 என்று கிடந்தால்தான் சிக்கல். தன் உடம்புச் சூட்டைத் தானே உண்டாக்கிக்கொள்ள முடியாத பிராணி அது. குளிர்ந்தால் செரிமானம் நின்றுபோகும். முந்தின நாள் விழுங்கிய எலி வயிற்றிலேயே கெட்டுக் கக்கிவிடும். தொடர்ந்து குளிர் பட்டால் நுரையீரலில் சளி கட்டும். வாயைத் திறந்து மூச்சு விடுவது, மூக்கில் குமிழி வருவது, மூச்சில் விசில் சத்தம் கேட்பது எல்லாம் அதன் அடையாளம். டாக்டரிடம் போயே ஆக வேண்டும். அதனால் நீண்ட நேரம் கரண்ட் இருக்காது என்று முன்னறிவிப்பு வந்தால் அதற்கு முந்தின இரண்டு மூன்று நாட்கள் தீனி போடாதீர்கள்.

சரி, இன்வெர்ட்டருக்கு வருவோம். 12 வோல்ட், 150 ஏஎச் என்றால் காகிதத்தில் 1800 வாட் ஹவர். பேட்டரியை அடிமட்டம் வரை இறக்கக் கூடாது, இன்வெர்ட்டரும் தன் பங்குக்குக் கொஞ்சம் தின்னும். கைக்கு வருவது 1200 என்று வைத்துக்கொள்ளலாம். வெளிச்சம் தராமல் சூடு மட்டும் தருகிற 100 வாட் செராமிக் பல்பு மட்டும் என்றால் 12 மணி நேரம். ஆனால் அதே லைனில் லைட், ரவுட்டர், டிவி எல்லாம் ஓடும். அவையும் ஒரு 100 வாட் இழுத்தால் நேரம் பாதியாகிவிடும். இன்னொரு விஷயம், மின்சாரத்தைச் சீரான அலையாகத் தராத ஸ்கொயர் வேவ் இன்வெர்ட்டரில், சூட்டைப் பார்த்து ஹீட்டருக்குப் போகிற மின்சாரத்தைக் கூட்டிக் குறைக்கிற டிம்மர் வகை தெர்மோஸ்டாட் ஒழுங்காக வேலை செய்யாது. எஸ்.பி. ரோட்டு எலெக்ட்ரானிக்ஸ் கடைகளில் கிடைக்கும் எஸ்டிசி-1000 போல ஆன், ஆஃப் மட்டும் செய்கிற வகை என்றால் அந்தத் தொல்லை இல்லை. புதிதாக வாங்குபவர்கள் சீரான அலை தருகிற சைன் வேவ் இன்வெர்ட்டராகவே வாங்கிவிடுங்கள்.

இதெல்லாம் பேட்டரி நல்ல நிலையில் இருந்தால். என் முடிவைத் தீர்மானித்ததே அந்த 'இருந்தால்'தான்.

பாம்புக்கு பேட்டரி நிஜமாகத் தேவைப்படுவது வருஷத்தில் விரல் விட்டு எண்ணக்கூடிய இரவுகளுக்கு. ஆனால் பேட்டரி வருஷம் பூராவும் கவனிப்புக் கேட்கும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை டிஸ்டில்டு வாட்டர் ஊற்ற வேண்டும். டெர்மினலில் பச்சையும் வெள்ளையுமாகப் பூக்கிற உப்பை வெந்நீர் விட்டுத் துடைத்து வாசலின் தடவ வேண்டும். கரண்ட் அடிக்கடி போகாத ஏரியாவில் கவனிப்பு இன்னும் அதிகம் வேண்டும்: பேட்டரி எப்போதும் சார்ஜிலேயே நிற்கும், உள்ளே தண்ணீர் சத்தமில்லாமல் குறைந்துகொண்டே வரும், கரண்ட் போகாததால் யாருக்கும் அதன் நினைப்பே வராது. எங்களுக்கு பேட்டரி பார்க்க வருகிற தர்மபுரிக்காரத் தம்பி வந்ததும் கேட்கிற முதல் கேள்வி, "சார், மிதவை எங்க நிக்குது பார்த்தீங்களா?" மூடி மேல் துருத்திக்கொண்டு நிற்கிற அந்தச் சின்னக் குச்சி சிவப்புக் கோட்டுக்குக் கீழே போய்விட்டால் தகடு காற்றில் காய ஆரம்பித்துவிட்டது என்று அர்த்தம். அப்புறம் தண்ணீர் ஊற்றினாலும் போன கொள்ளளவு திரும்ப வராது.

இதில் மோசமானது, பேட்டரி சோர்ந்துபோனது சாதாரண நாளில் தெரியவே தெரியாது. பத்து நிமிஷம் கரண்ட் போனால் இரண்டு எல்இடி லைட்டையும் ரவுட்டரையும் கிழட்டு பேட்டரிகூடத் தாங்கிவிடும். 100 வாட் ஹீட்டர் நாலு மணி நேரம் தொடர்ந்து இழுக்கும்போதுதான் அதன் வயசு தெரியும், அதுவும் ராத்திரி மூன்று மணிக்கு. தெரிந்துகொள்ள ஒரே வழி, மாதம் ஒருமுறை மெயினை அணைத்து ஹீட்டரையும் சேர்த்து இரண்டு மணி நேரம் ஓட்டிப் பார்ப்பது. இதைத் தவறாமல் செய்கிறவர்களுக்கு இன்வெர்ட்டர் அருமையான துணை. நாலைந்து வருஷத்தில் பேட்டரியை மாற்றும்போது ஈயத்தின் எடைக்குப் பழைய பேட்டரிக்கும் ஒரு விலை கிடைக்கும். பழுது என்றால் அதே நாளில் ஆள் வந்து சரி செய்துவிடுவார்.

பவர் ஸ்டேஷனில் தண்ணீர் ஊற்றுகிற வேலை இல்லை, அமில வாடை இல்லை. எல்எஃப்பி (லித்தியம் அயர்ன் பாஸ்பேட்) வகை பேட்டரி என்றால் ஆயிரக்கணக்கான முறை சார்ஜ் தாங்கும். வாடகை வீடு மாறுகிறவர்களுக்கு அது பெரிய வசதி. 50, 60 கிலோ டியூபுலர் பேட்டரியை மூன்றாம் மாடிக்கு ஏற்ற வேண்டாம், வயரிங்குக்கு வீட்டு ஓனரிடம் அனுமதி கேட்க வேண்டாம். ஆனால் 500 வாட் ஹவர் பெட்டியில் கைக்கு வருவது 425 போல. 100 வாட் பல்புக்கு நாலு மணி நேரம்தான். விலையோ இன்வெர்ட்டரும் பேட்டரியும் சேர்ந்த விலையை எட்டிவிடும், சில மாடல்கள் தாண்டியும்விடும். பல மாடல்களில் இன்னொரு குணம் உண்டு: எதுவும் மின்சாரம் இழுக்கவில்லை என்று நினைத்தால் தானாக அணைந்துவிடும். தொட்டி சூடாகி தெர்மோஸ்டாட் ஹீட்டரை நிறுத்தியதும், தெர்மோஸ்டாட் இழுக்கிற இரண்டு மூன்று வாட்டை அது கணக்கிலேயே எடுக்காது. அந்தத் தானியங்கி அணைப்பை செட்டிங்கில் போய் நிறுத்திவைக்க வேண்டும். நான் ஒரு குளிர்காலம் மட்டுமே ஓட்டியதால், ஐந்தாறு வருஷம் கழித்து அது எப்படி இருக்கும் என்று அனுபவத்திலிருந்து சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.

இனி பெட்டி. பேட்டரி இரண்டும் தோற்கிற இடம் கண்ணாடித் தொட்டிதான். வெளியே 16, உள்ளே 26 என்று 10 டிகிரி வித்தியாசம் இருந்தால் மூன்றடிக் கண்ணாடித் தொட்டி 100 வாட்டுக்கு மேல் வெப்பத்தை வெளியே விடும். எவ்வளவு ஊற்றினாலும் ஓட்டைக் குடம்தான். இரண்டடி நீளம், ஒன்றேகால் அடி அகலம், அதே ஆழம், ஓர் அங்குல கனம் உள்ள தெர்மாகோல் பெட்டி அதே வித்தியாசத்தில் இழப்பது 13, 14 வாட் அளவுதான். பாம்பு ஒரு ராத்திரி சுருண்டு கிடக்க அந்த இடம் தாராளம்.

அந்த 13 வாட்டை வெந்நீரே கொடுத்துவிடும். ஒரு லிட்டர் தண்ணீர் 50 டிகிரியிலிருந்து 28க்கு ஆறும்போது ஏறக்குறைய 25 வாட் ஹவர் வெப்பம் விடுகிறது. இரண்டு லிட்டர் பாட்டில் இரண்டு வைத்தால் 100 வாட் ஹவர். ஏழு மணி நேரத்துக்குச் சமம்! காற்றுத் துளைகளில் போகிறதைக் கழித்துவிட்டு, நாலைந்து மணிக்கு ஒருமுறை ஒரு பாட்டிலை மட்டும் மாற்றினால் விடியும்வரை 26, 27 டிகிரியில் நிற்கிறது. வெந்நீருக்கு கரண்ட் வேண்டாம். கேஸ் அடுப்பு போதும். பெங்களூரில் பல வீட்டு மொட்டை மாடியில் சோலார் ஹீட்டர் இருக்கிறது. குழாயைத் திறந்தாலே பாட்டிலுக்குத் தேவையான சூட்டில் வந்துவிடும். இண்டக்‌ஷன் அடுப்பு மட்டும் வைத்திருப்பவர்கள் குளிர்காலத்தில் ராத்திரி ஒரு பெரிய ஃபிளாஸ்க்கில் வெந்நீர் பிடித்து வைப்பது நல்லது.

பெட்டியை மருந்து மொத்த வியாபாரக் கடையில் கேளுங்கள், தடுப்பூசி வந்த பெட்டி சுத்தமாக இருக்கும். மீன் பெட்டி வேண்டாம், எத்தனை கழுவினாலும் வாடை போகாது. மேல் விளிம்பை ஒட்டிப் பென்சிலால் ஏழெட்டுத் துளை போடுங்கள். பாட்டில்களைப் பழைய துண்டில் இரண்டு சுற்று சுற்றி ஒரு பக்கமாக மட்டும் வையுங்கள். எதிர்ப் பக்கம் காலியாக இருந்தால்தான் பாம்பு விலகிப் படுக்க முடியும். பாம்பைத் தலையணை உறைக்குள் விட்டு வாயை முடிந்து அந்தக் காலிப் பக்கத்தில் வைத்தால், சூடான பாட்டிலை நேராகச் சுற்றிக்கொண்டு வயிற்றைச் சுட்டுக்கொள்ளாது. கொதிக்கிற தண்ணீரை பிளாஸ்டிக் பாட்டிலில் ஊற்றாதீர்கள், பாட்டில் நெளிந்துவிடும். கை பொறுக்கிற சூட்டுக்குச் சற்று மேலே இருந்தால் போதும். வயர் வைத்த சின்ன டிஜிட்டல் தெர்மாமீட்டரின் முனையைத் துளை வழியாக உறைக்குப் பக்கத்தில் விட்டுவிட்டால் மூடியைத் திறக்காமலே வெளியே பார்த்துக்கொள்ளலாம். அறையில் கரி மூட்டவே கூடாது, நமக்கே ஆபத்து. மலையேறுகிறவர்கள் வைத்திருக்கும் ஹேண்ட் வார்மர் பொட்டலத்தையும் மூடிய பெட்டிக்குள் போடாதீர்கள். அது காற்றிலுள்ள ஆக்சிஜனை இழுத்துத்தான் சூடாகிறது.

கரண்ட் போன உடனே பாம்பைத் தூக்கவும் தேவையில்லை. தொட்டியைக் கம்பளியால் மூடி, காற்றுக்குக் கொஞ்சம் இடம் விட்டு, ஒரு மணி நேரம் பொறுக்கலாம். சூடான மூலை 23க்குக் கீழே இறங்கினால் பெட்டிக்கு மாற்றுங்கள். மீதி நாளெல்லாம் பெட்டி பரணில் கிடக்கும். தண்ணீர் ஊற்ற வேண்டாம், சார்ஜ் போட வேண்டாம், சோதித்துப் பார்க்க வேண்டாம். மூன்று வருஷம் தொடாமல் கிடந்தாலும் முதல் நாள் செய்த வேலையை அப்படியே செய்யும்.

பெட்டியின் பெரிய குறை, ஆள் வேண்டும். பெங்களூர்த் தமிழர் வீடுகள் பூட்டிக் கிடப்பது பொங்கலுக்கு. ஊரே குளிரில் கிடக்கிற ஜனவரி நடுவில் நாம் சேலத்திலோ வேலூரிலோ இருப்போம். கீழ் வீட்டு அக்கா செடிக்குத் தண்ணீர் ஊற்றுவார், பாம்பு இருக்கிற அறைக்கு வரமாட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. அந்த நாட்களுக்கு நான் இன்வெர்ட்டரை நம்புகிறேன், ஆனால் தெர்மாகோலோடு சேர்த்து: தொட்டியின் பின்பக்கம், இரு பக்கவாட்டு, மேல்பாகத்தில் பாதி ஆகிய இடங்களில் ஓர் அங்குலத் தகடு ஒட்டிவிட்டேன். செராமிக் பல்புக்குப் பக்கத்தில் மட்டும் தகடு வரக்கூடாது, உருகிவிடும். ஹீட்டர் முன்பு ஓடிய நேரத்தில் பாதிகூட இப்போது ஓடுவதில்லை. ஊருக்குப் போகும்முன் தண்ணீர் பார்த்து, இன்வெர்ட்டர் லைனில் பாம்பு அறை தவிர மற்றதையெல்லாம் அணைத்துவிட்டால் 1200 வாட் ஹவரும் பாம்புக்கே; ஒரு நாள் தாண்டும்.

ரெட் இயர்ட் ஸ்லைடர் ஆமை வைத்திருப்பவர்களுக்குக் குளிர் பெரிய பிரச்சினை ஆகாது. 50 லிட்டர் தண்ணீர் ஆறவே பல மணி நேரம் ஆகும். ஃபில்டர் நின்றுபோவதைத்தான் கவனிக்க வேண்டும். பச்சை இகுவானா என்கிற பெரிய பல்லி வளர்ந்துவிட்டால் வாலோடு ஐந்தடி, எந்தப் பெட்டியும் பத்தாது. அதை வளர்ப்பவர்கள் பவர் ஸ்டேஷன் பக்கம் போவதே சரி. வாங்கும்போது கடையிலேயே உங்கள் தெர்மோஸ்டாட்டை மாட்டி, ஹீட்டர் அணைந்த நிலையில் வெகுநேரம் விட்டுப் பாருங்கள். அது தானாக அணைந்து, நிறுத்திவைக்கவும் வழி இல்லை என்றால் அந்த மாடலை வாங்காதீர்கள்.